படம் தெளிவு, தாளம் பிசகு

1996-ஆம் ஆண்டு டிசம்பர் மாதம் ஜப்பானில் பிளேஸ்டேஷன் யந்திரத்துக்கென்று 'பாராப்பா தி ராப்பர்' என்னும் விளையாட்டு ஒன்று வெளிவந்தது. காகிதத்தில் வெட்டியெடுத்த உருவமாய்த் தட்டையாகத் தோன்றும் நாய்க்குட்டி ஒன்று, தான் விரும்பும் பெண்ணின் மனத்தைக் கவர வேண்டும் என்ற ஆசையால், வெங்காயத் தலையுடைய கராத்தே ஆசானிடமும், கார் ஓட்டக் கற்பிக்கும் கடமான் அம்மையாரிடமும், சமையல் சொல்லித்தரும் கோழியிடமும் மாறி மாறிப் பாடம் கேட்கிறது என்பதுதான் அதன் கதை. பாடம் என்றால் பாட்டுத்தான். ஆசான் ஒரு வரியைத் தாளத்தோடு சொல்ல, அதே வரியை, அதே காலப்பிரமாணத்தில், கையிலுள்ள பொத்தான்களை அழுத்தி நாம் திருப்பிச் சொல்ல வேண்டும். இசைக்குழு ஒன்றில் பல ஆண்டுகள் பணியாற்றியவரான மசாயா மாட்சுவுரா யோசித்து அமைத்து, ராட்னி கிரீன்பிளாட் என்ற அமெரிக்க ஓவியர் உருவங்களை எழுதித் தந்த இந்தச் சிறிய விளையாட்டு, தாளத்தையே உயிராகக் கொண்ட விளையாட்டுகள் என்ற தனி வகைக்கு வீட்டு யந்திரங்களில் பிள்ளையார் சுழி போட்டது என்று சொன்னால் மிகையாகாது.

அதன் பின்னர் இவ்வகை வெகு வேகமாகப் பெருகிற்று. கோனாமி கம்பெனியார் 1997-இல் 'பீட்மேனியா'வையும், மறு வருஷம் 'டான்ஸ் டான்ஸ் ரெவல்யூஷ'னையும் கேளிக்கை நிலையங்களில் கொண்டுவந்து நிறுத்தி, பிறகு வீட்டுக்கும் அனுப்பிவைத்தார்கள். மரக்காஸ் குலுக்கி ஆடுவது ஒன்று, போங்கோ தட்டி ஆடுவது ஒன்று, டைக்கோ முரசு அறைந்து ஆடுவது ஒன்று என்று வாத்தியங்கள் விளையாட்டுக் கருவிகளாக வடிவெடுத்தன. 2005-இல் அமெரிக்காவில் 'கிட்டார் ஹீரோ' வந்த பிறகு இந்த மோகம் உச்சத்தை எட்டியது.

இன்று அந்த யந்திரங்களெல்லாம் மூப்படைந்துவிட்டன. அவற்றின் குறுந்தட்டைப் படிக்கும் கண்ணாடிகள் மங்கிவிட்டன. அவற்றோடு கூட இருந்த குழாய்த் தொலைக்காட்சிப் பெட்டிகளோ பழைய சாமான் கடைகளுக்குப் போய்ச் சேர்ந்துவிட்டன. ஆகவே அந்நாளில் ஆடியவர்களும், அவர்கள் சொல்லக் கேட்டு ஆசைப்பட்ட இளைஞர்களும் எமுலேட்டர் என்னும் மென்பொருளை நாடுகிறார்கள். பழைய யந்திரம் உள்ளுக்குள் செய்துகொண்டிருந்த காரியங்களையெல்லாம் இன்றைய கணினி ஒன்றுவிடாமல் தானே செய்து காட்டும்படி எழுதப்பட்ட மென்பொருள் அது. பிளேஸ்டேஷனுக்கு டக்ஸ்டேஷன், அதன் அடுத்த தலைமுறை யந்திரத்துக்குப் பி.சி.எஸ்.எக்ஸ்.2, நிண்டெண்டோவின் கேம்கியூபுக்கும் வீக்கும் டால்பின் என்று யந்திரத்துக்கு யந்திரம் தனித்தனியே இருக்கின்றன. படம் முன்னைவிடப் பன்மடங்கு தெளிவாகத் தெரிகிறது. ஓரங்கள் கூர்மையாக நிற்கின்றன. இத்தனை சௌகரியங்களையும் பெற்றுக்கொண்டு, வெங்காய ஆசான் எதிரே உட்கார்ந்து முதல் வரியைத் திருப்பிச் சொல்லப் புகுந்த மாத்திரத்தில், பழைய நாளில் கண்ணை மூடிக்கொண்டு ஜயித்தவன்கூடத் தோற்றுப்போகிறான். தன் கை தளர்ந்துவிட்டது என்று அவன் வருந்துவது அநாவசியம். இடையே உள்ள சாதனங்கள் நேரத்தைத் திருடிவிட்டன.

திருட்டு நடக்கும் இடங்களைச் சற்று நிதானமாகப் பார்க்க வேண்டும். ஏனெனில் இந்த விஷயத்தின் சாரமே அதில்தான் இருக்கிறது. பழைய குழாய்த் தொலைக்காட்சிப் பெட்டி, தனக்கு வரும் சமிக்ஞையைச் சேர்த்துவைத்துப் பார்த்துப் பிறகு காட்டும் வழக்கமுடையதன்று. வந்த க்ஷணத்திலேயே அது கண்ணாடியின்மேல் மேலிருந்து கீழாக வரி வரியாக ஒளியாகிவிடும். இன்றைய தட்டைத் திரை ஒரு படச்சட்டம் முழுவதையும் வாங்கி, அதைத் தன் அளவுக்கு நீட்டி, நிறத்தைத் திருத்தி, அசைவை மெருகேற்றிய பிறகே வெளியிடுகிறது. விநாடிக்கு அறுபது சட்டம் என்ற கணக்கில் ஒரு சட்டத்துக்கு ஏறத்தாழ 16.7 மில்லி விநாடி ஆகிறது. இத்தகைய அலங்காரங்களையெல்லாம் செய்யவிட்ட தொலைக்காட்சி ஒன்று நான்கைந்து சட்டங்களைச் சர்வ சாதாரணமாக விழுங்கிவிடும். கணினியின் இயங்குதளமும், படம் கிழியாமல் காட்டுவதற்காக உள்ள ஏற்பாடும் தம் பங்குக்கு ஒன்றிரண்டு சட்டங்களை எடுத்துக்கொள்கின்றன. கையிலுள்ள கட்டுப்பாட்டுக் கருவியைக் கணினி விநாடிக்கு 125 தடவை மட்டும் விசாரிக்கும்படி அமைந்திருந்தால், அங்கே எட்டு மில்லி விநாடி வரை போகலாம்.

இவ்வளவும் கண்ணுக்குரிய கணக்கு. காதுக்குரிய கணக்கை ஒருவரும் போடுவதில்லை என்பதுதான் என் மனத்தாங்கல். ஒலி தடைப்படாமல் வர வேண்டும் என்பதற்காகக் கணினி அதைச் சிறுகச் சிறுகச் சேமித்து வைத்து வெளியே விடுகிறது. விநாடிக்கு 48,000 மாதிரிகள் என்ற விகிதத்தில் 512 மாதிரிகள் சேமித்தால் சுமார் 11 மில்லி விநாடி. 2,048 சேமித்தால் 43. ரெட்ரோஆர்ச் என்ற பிரபலமான மென்பொருள் தொடக்கத்தில் 64 மில்லி விநாடி என்றே தன்னை அமைத்துக்கொள்கிறது. இதற்கு மேல் கம்பியில்லாத புளூடூத் ஹெட்போனைக் காதில் மாட்டிக்கொண்டால், நூறு முதல் இருநூறு மில்லி விநாடி வரையில், சிலவற்றில் அதற்கு மேலும், கூடிக்கொள்ளும். ஆயிரக்கணக்கில் செலவழித்து மிக வேகமான திரையை வாங்கி வைத்துவிட்டு, புளூடூத் வழியாகப் பாட்டுக் கேட்டுக்கொண்டே தாள விளையாட்டு ஆட முற்படுகிறவர்களின் எண்ணிக்கை கொஞ்சமன்று.

விநாடியில் பத்தில் ஒரு பங்கு முன்பின்னாவதால் குடியா முழுகிவிடும் என்று விஷயம் அறியாத அன்பர்கள் கேட்கக்கூடும். நிமிஷத்துக்கு 120 அடி ஓடும் ஒரு பாட்டில் ஓர் அடி அரை விநாடி. அந்த அடியை நான்காகப் பகுத்தால் ஒவ்வொரு கூறும் 125 மில்லி விநாடிதான். ஆக, நூறு மில்லி விநாடித் தாமதம் என்பது கிட்டத்தட்ட ஒரு கால் அடி முழுவதையும் தின்றுவிடுகிறது. பல்லவி பாடிக்கொண்டிருக்கும்போது மிருதங்கக்காரர் ஒவ்வொரு தட்டையும் அந்த அளவு பிந்தித் தட்டினால், சபையில் தாளம் போட்டுக்கொண்டிருக்கும் கடைசி வரிசைக் கிழவர்கூட எழுந்து போய்விடுவார். சதுரங்கமோ சீட்டாட்டமோ இத்தகைய தாமதத்தைப் பொருட்படுத்தாது. ஓடித் தாண்டும் விளையாட்டுகூட ஒருவாறு சமாளித்துக்கொள்ளும். தாள விளையாட்டுக்கு மட்டும் அப்படி ஒரு போக்கிடம் இல்லை. உருவங்களும் கதையும் நிறமும் அதற்கு உடைகள். காலம் ஒன்றே அதன் உடல்.

இந்த உண்மையை விளையாட்டுச் செய்தவர்களே பின்னாளில் உணர்ந்து பரிகாரமும் தேடினார்கள். தட்டைத் திரைகள் வீடுகளில் புகத் தொடங்கிய காலத்தில், படமும் ஒலியும் எவ்வளவு பிந்துகின்றன என்று அளந்து விளையாட்டிடமே சொல்லிவிடும் வசதி பிறந்தது. 2008-இல் 'ராக் பேண்ட் 2' உடன் வந்த கிட்டாரில், திரையின் ஒளியை உணரும் கண் ஒன்றும் ஒலியை உணரும் காது ஒன்றும் வைத்து, யந்திரமே தாமதத்தைத் தானாக அளந்துகொள்ளும்படி அமைத்தார்கள். எனக்குத் தெரிந்த மிக நேர்த்தியான பொறியியல் யோசனைகளில் இதுவும் ஒன்று. ஆனால் 1996-இலும் 1999-இலும் செய்த விளையாட்டுகளில் இத்தகைய வசதியை எதிர்பார்ப்பது நியாயமன்று. தாமதமே இல்லாத பெட்டியை மனத்தில் வைத்து எழுதப்பட்டவை அவை. இன்றைய திரையில் அவற்றை ஆடுகிறவன், கேட்கும் அடிக்கு முன்னாலேயே பொத்தானை அழுத்தப் பழகிக்கொள்ள வேண்டிய நிர்ப்பந்தத்துக்கு உள்ளாகிறான்; அதாவது தாளத்தைக் கேட்டு ஆடுவதற்குப் பதிலாகத் தாளத்தை மீறி ஆடக் கற்றுக்கொள்கிறான்.

இந்த நிலையில், பழைய விளையாட்டுகளைப் புதுப்பித்து விற்பனை செய்யும் உரிமையாளர்கள் என்ன செய்கிறார்கள் என்று பார்த்தால் வருத்தமே மிஞ்சுகிறது. 'பாராப்பா' 2017-இல் பிளேஸ்டேஷன் 4-க்காக மறுபடி வெளியிடப்பட்டபோது, படத்தின் நுணுக்கம் 4கே வரை உயர்த்தப்பட்டது என்று முழங்கினார்கள். தாளம் பொருந்தவில்லை, அழுத்தியது ஒரு நேரம், விளையாட்டு ஏற்றுக்கொண்டது வேறு நேரம் என்று விமரிசகர்கள் பலர் குறைகூறி எழுதினார்கள். விளம்பரத்தில் புள்ளிகளின் எண்ணிக்கையைப் போடலாம். மில்லி விநாடிகளைப் போட்டால் யார் வாங்குவார் என்ற வியாபார விவேகமே இதற்குக் காரணம் என்று நினைக்கிறேன். இலவசமாக எமுலேட்டர் எழுதுகிறவர்களுக்கு அந்தக் கவலை இல்லையாகையால், அவர்கள் மில்லி விநாடிகளை எண்ணிக்கொண்டிருக்கிறார்கள்.

அவர்கள் கண்ட உபாயங்களில் ஒன்று மிகவும் விசித்திரமானது. பழைய விளையாட்டுகள் பலவற்றில், பொத்தானை அழுத்தியதற்கும் பலன் தெரிவதற்கும் இடையே அந்த விளையாட்டுக்குள்ளேயே இரண்டு மூன்று சட்டங்கள் கழியும். 2018-இல் ரெட்ரோஆர்ச்சில் சேர்க்கப்பட்ட முன்னோட்ட முறை என்ன செய்கிறதென்றால், ஒவ்வொரு சட்டத்திலும் யந்திரத்தின் அப்போதைய நிலையை அப்படியே பதிந்துவைத்துவிட்டு, வரப்போகும் ஒன்றிரண்டு சட்டங்களை ரகசியமாக ஓட்டிப் பார்த்து, அவற்றில் கடைசியானதை நமக்குக் காட்டிவிட்டு, மறுபடி பழைய நிலைக்கே திரும்பிவிடுகிறது. விநாடிக்கு அறுபது தடவை எதிர்காலத்துக்குப் போய்வரும் இந்தக் கூத்துக்கு வேகமான கணினி வேண்டும்; அது கிடைத்துவிட்டால் திரையும் இயங்குதளமும் திருடிய நேரத்தைத் திருப்பி வாங்கிவிடலாம். ஆனால் இங்கேயும் ஓர் அளவு இருக்கிறது. மூல யந்திரத்தில் இருந்த தாமதத்தோடு சேர்த்துத்தான் ஆசிரியர் தம் காதால் கேட்டு, கையால் தட்டி, மதிப்பெண்ணுக்குரிய எல்லையை நிர்ணயித்திருக்கிறார். பின்னால் வந்து சேர்ந்த தாமதத்தை நீக்குவது ஜீரணோத்தாரணம். அதற்கு மேலும் நீக்கி, மூலத்தைவிட விரைவாக்குவது ஆசிரியர் செய்யாத காரியத்தை அவர் பெயரால் செய்வதாகும்.

வேகத்தின் கதை வேறொரு விதம். நிண்டெண்டோவின் கேம் பாய் அட்வான்ஸுக்காக 2006-இல் வந்த 'ரிதம் டெங்கோகு' என்ற விளையாட்டை எடுத்துக்கொள்வோம். பாடகரும் இசை அமைப்பாளருமான சுன்குவின் மேற்பார்வையில் உருவான அது, கண்ணைவிடக் காதை நம்பி ஆட வேண்டியது. சில கட்டங்களில் படத்தை வேண்டுமென்றே மறைத்துவிட்டு, தாளம் உள்ளுக்குள் நிற்கிறதா என்று நம்மைச் சோதிக்கும். அந்தக் கையடக்க யந்திரம் விநாடிக்கு 59.73 சட்டம் காட்டுவது. கணினித் திரை அறுபது காட்டுவது. படம் சற்றும் தடுமாறாமல் ஓட வேண்டும் என்று விரும்பித் திரையோடு இணைத்துவிட்டால், பாட்டு முழுவதும் ஆயிரத்துக்கு நாலரைப் பங்கு விரைவாக ஓடுகிறது. சாதாரணக் காதுக்கு அது தெரியாது என்பது வாஸ்தவமே. ஐரோப்பிய நாடுகளுக்கென்று விநாடிக்கு ஐம்பது சட்டமாக வெளியிடப்பட்ட பழைய பதிப்புகளை அறுபதாக ஓட்ட முயன்றாலோ, தெரியாமலிருக்க முடியாது.

குறுந்தட்டைப் பிரதி எடுப்பதிலும் பிசகு நேரலாம். இடத்தைச் சேமிக்கிறோம் என்று பாட்டுத் தடங்களை எம்.பி.3-ஆகச் சுருக்கி வைத்தவர்கள் ஒரு காலத்தில் அநேகர். அவ்வாறு சுருக்கும்போது பாட்டின் தலையில் ஆயிரத்துக்குச் சற்று மேற்பட்ட வெற்று மாதிரிகள் வந்து ஒட்டிக்கொள்கின்றன. கணக்கிட்டால் அது சுமார் 25 மில்லி விநாடி. தடங்களுக்கு இடையே வழக்கமாக உள்ள இரண்டு விநாடி இடைவெளியை மறந்துவிட்டுப் பிரதி எடுத்தவர்களும் உண்டு. மற்ற விளையாட்டுகளில் இவை பிரமாதமில்லை; தாள விளையாட்டிலோ பாட்டே இடம் பெயர்ந்துவிடுகிறது.

தாள விளையாட்டுகளில் எனக்கு மிகவும் பிரியமானது 1999-இல் மாட்சுவுராவின் குழுவினர் செய்த 'விப்-ரிப்பன்'. கறுப்புத் திரையில் வெள்ளைக் கோடுகளால் மட்டும் வரைந்த விப்ரி என்னும் முயல் ஒன்று ஒரு கோட்டின்மேல் நடந்துபோகிறது. பாட்டின் போக்குக்கு ஏற்ப அந்தக் கோடே பள்ளமாகவும் சுழியாகவும் அலையாகவும் கட்டையாகவும் உருமாறி வழியை மறிக்கிறது. விளையாட்டு முழுவதும் யந்திரத்தின் இரண்டு மெகாபைட் நினைவகத்தில் அடங்கிவிடும்படி எழுதப்பட்டிருப்பதால், அதன் தட்டை வெளியே எடுத்துவிட்டு நம் வீட்டிலுள்ள எந்தப் பாட்டுத் தட்டையும் உள்ளே வைக்கலாம். அந்தப் பாட்டையே முயல் நடக்கும் பாதையாக்கித் தரும். நியூயார்க்கின் நவீனக் கலை அருங்காட்சியகம் 2012-இல் முதன்முதலாகச் சேர்த்துக்கொண்ட பதினான்கு வீடியோ விளையாட்டுகளில் இது ஒன்று. அத்தகைய பெருமை வாய்ந்த இந்த விளையாட்டு அமெரிக்காவில் அதுவரை விற்பனைக்கே வரவில்லை. 2014-இல் சோனியின் அமெரிக்கப் பிரிவுத் தலைவர் ஷான் லேடன் ஒரு பெரிய விழா மேடையில் இதன் பெயரை அன்போடு குறிப்பிட, அங்கே அதைக் காசு கொடுத்து வாங்க வழியில்லையே என்று ரசிகர்கள் கேட்ட பிறகு, அவ்வருஷம் அக்டோபரில்தான் அங்கே வெளியிட்டார்கள். எமுலேட்டரில் இதை ஆட விரும்புகிறவர் தம் பாட்டுத் தட்டைச் சுருக்காமல் முழுமையாகப் பிரதி எடுத்து, விளையாட்டின் நடுவே தட்டு மாற்றும் கட்டளையைத் தர வேண்டும். சிரமம்தான், ஆனால் சொந்தமாக வைத்திருக்கும் பழைய பாட்டுத் தட்டு ஒன்றை முயல் தடுமாறித் தடுமாறித் தாண்டுவதைப் பார்க்கும்போது அந்தச் சிரமம் மறந்துபோகும்.

கருவிகளைப் பற்றியும் சொல்ல வேண்டும். காலால் மிதித்து ஆடும் பழைய நடனப் பாயைக் கணினியில் செருகுவதற்குச் சில்லறை அடாப்டர்கள் கிடைக்கின்றன. அவற்றில் சில, நான்கு அம்புகளையும் நான்கு தனிப் பொத்தான்களாகக் கணினிக்குச் சொல்லாமல், ஒரு குச்சியின் இட-வல, மேல்-கீழ் அசைவுகளாகச் சொல்லிவிடுகின்றன. குச்சி ஒரே சமயத்தில் இரு பக்கமும் சாய முடியாதாகையால், இரு கால்களையும் விரித்து இடமும் வலமும் சேர்த்து மிதித்தால் ஒன்றையொன்று அடித்துக்கொண்டு இரண்டும் இல்லாமற் போகின்றன. மிதித்தவர் பாயைச் சந்தேகிப்பார், காலைச் சந்தேகிப்பார். அடாப்டரைச் சந்தேகிக்கத் தோன்றாது. வாங்குமுன் இதைக் கேட்டுத் தெளிந்துகொள்வது நலம்.

எமுலேட்டர் என்றாலே களவு என்று எண்ணுவோர்க்கு ஒரு வார்த்தை. 1999-இல் கனெக்டிக்ஸ் என்ற கம்பெனி மாக்கின்டாஷ் கணினிகளுக்காகப் பிளேஸ்டேஷன் எமுலேட்டர் ஒன்றை விற்றபோது சோனியார் வழக்குத் தொடுத்தார்கள். 2000-இல் அமெரிக்க மேல்முறையீட்டு நீதிமன்றம், அதைச் செய்வதற்காக நடத்திய ஆராய்ச்சி நியாயமான உபயோகமே என்று தீர்ப்பளித்தது. தோற்ற சோனியார் மறு வருஷம் அந்த மென்பொருளை விலைக்கே வாங்கி அதன் கதையை முடித்துவிட்டார்கள் என்பது வேறு விஷயம். எமுலேட்டர் செய்வது களவன்று. பிறருடைய விளையாட்டைக் காசு கொடாமல் இறக்கிக்கொள்வது களவுதான். இரண்டையும் குழப்பிக்கொள்ளலாகாது. தம்மிடமுள்ள தட்டையும் தம் யந்திரத்தின் உள்நிரலையும் தாமே பிரதி எடுத்து ஆடுகிறவரை நான் குற்றம் சொல்ல மாட்டேன். விற்பனையில் இல்லாத விளையாட்டை என்ன செய்வது என்ற கேள்வி கடினமானது. அமெரிக்காவில் வெளியான பழைய விளையாட்டுகளில் நூற்றுக்கு எண்பத்தேழு உரிமையாளர்களின் விற்பனையில் இல்லை என்று அந்நாட்டின் வீடியோ விளையாட்டு வரலாற்று அறக்கட்டளை 2023-இல் கண்டறிந்து வெளியிட்டது. நூலகங்கள் அவற்றை ஆராய்ச்சியாளருக்குத் தொலைவிலிருந்தே காட்ட அனுமதி வேண்டும் என்று கேட்டதை 2024 அக்டோபரில் அங்குள்ள பதிப்புரிமை அலுவலகம் மறுத்துவிட்டது. தாள விளையாட்டுகளின் நிலை இதைவிட மோசம். பாட்டை இயற்றியவரின் உரிமை ஒருபுறம், பதிவு செய்த கம்பெனியின் உரிமை மறுபுறம் இருக்க, குறிப்பிட்ட காலத்துக்கு என்று வாங்கிய அநுமதி முடிந்ததும் விளையாட்டையே கடையிலிருந்து எடுத்துவிட வேண்டியதாகிறது. மறுபதிப்புக்கு வழியில்லாத இவற்றுக்கு, சட்டத்தில் நூலகங்களுக்கென்று ஒரு சிறு கதவைத் திறந்துவைப்பதால் எந்தக் கம்பெனிக்கும் நஷ்டம் வந்துவிடாது.

உரிமையாளர்களிடம் நான் கேட்பது இரண்டே. பழைய தாள விளையாட்டு எதை மறுபடி வெளியிட்டாலும், படத்துக்குத் தனியாகவும் ஒலிக்குத் தனியாகவும் தாமதத்தைத் திருத்திக்கொள்ளும் வசதியை அதில் சேர்க்க வேண்டும். மூல யந்திரத்தோடு ஒப்பிட்டுத் தாமதம் எவ்வளவு என்று அளந்து, அந்த எண்ணையும் பெட்டியின்மேல் அச்சிட வேண்டும். அதைச் செய்யாதவரையில் 4கே என்று எழுதிய பெட்டியை நம்பிப் பணம் கொடுக்காதீர்கள். கணினியில் ஆடப் புகும் வாசகர்களே, கம்பியுள்ள ஹெட்போனை எடுத்துக்கொண்டு, திரையில் விளையாட்டுக்கென்று உள்ள அமைப்பைத் தேர்ந்து, ஒலிச் சேமிப்பைச் சத்தம் உடையாத அளவுக்குக் குறைத்துவிட்டு உட்காருங்கள். அதன் பிறகும் வெங்காய ஆசான் உங்களைத் தோற்கடித்தால் குற்றம் உங்களுடையதுதான்.